பூவாடைக்காரியின் பசி

வெள்ளிக்கிழமை பூசையில் கூப்பிட்ட பூவாடைக்காரி சனிக்கிழமை காலையில் கிணற்றுப்படி ஏறி, சொட்டச் சொட்ட நனைந்த மாம்பழ மஞ்சள் புடவையோடு தெருவழியே நடந்து வந்து கூடத்தில் தன் படத்துக்குக் கீழே உட்கார்ந்தபோது, வாசலுக்குச் சாணம் தெளித்துக்கொண்டிருந்த அஞ்சலாட்சிக்கு முதலில் வந்தது பயமல்ல, பக்தியுமல்ல, வயிற்றெரிச்சல்தான். செத்தும் என்ன தளதளப்பு பார் என்று நினைத்தாள். பிறகு, கூடத்து ஈரத்தை யார் துடைப்பது என்று நினைத்தாள். பிறகு அவளே போய்த் துடைத்தாள்.

அந்தப் பக்கத்து ஊர்களில், தாலியோடும் பூவோடும் பொட்டோடும் செத்துப்போகிறவள் அந்த வீட்டுக்குத் தெய்வமாகிவிடுவாள். உயிரோடு இருந்தபோது அவளை அடித்தவர்களும் பட்டினி போட்டவர்களும்கூட அன்றிலிருந்து அவளைத் தாயே என்றுதான் கூப்பிட வேண்டும். வருஷத்துக்கு ஒரு முறையும், வீட்டில் கல்யாணம் கூடினால் அதற்கு முன்பும், மேளத்தோடு கிணற்றடிக்குப் போய் அவளை அழைத்து, செம்பில் தண்ணீர் மொண்டு வந்து, படத்துக்குப் புதுப் புடவை சாத்தி, இலை போட்டுப் படைத்து, எல்லாம் முடிந்ததும் வீட்டுக்காரி தன் கையால் ஒரு கட்டுச்சோறு கட்டிக் கிணற்றுப் படியில் வைத்துவிட்டுத் திரும்பிப் பார்க்காமல் வந்துவிட வேண்டும். வழிக்குச் சோறு கிடைத்தால்தான் வந்தவள் திரும்பிப் போவாள்.

பம்புசெட்டு மெக்கானிக் ஏழுமலை வீட்டுப் பூவாடைக்காரியின் பெயர் மங்கவரம். ஏழுமலையின் முதல் பெண்டாட்டி. சுகந்தி என்ற பெண்குழந்தையைப் பெற்றுப்போட்டுவிட்டு, தீட்டுக் கழியும் முன்பே காய்ச்சலில் போய்ச் சேர்ந்தவள். அந்தக் குழந்தை தவழத் தொடங்குவதற்குள் இரண்டாந்தாரமாக வந்தவள்தான் அஞ்சலாட்சி. வந்த நாளிலிருந்து அவளுக்குப் போட்டி சுவரில் மாட்டியிருந்த அந்தப் படத்தோடுதான். சாம்பார் காரமானால் மங்கவரம் கையில் காரமே தெரியாது என்றார்கள். கொஞ்சம் குரலை உயர்த்தினால் மங்கவரம் பேசி இந்தத் தெரு கேட்டதே இல்லை என்றார்கள். படத்துக்குச் சாத்திய புடவையை மறு வருஷம் வீட்டுக்காரி உடுத்த வேண்டும் என்பது வழக்கம். ஆகவே அஞ்சலாட்சி தன் நல்ல புடவை எதையும் தான் முதலில் உடுத்தியதில்லை, எல்லாமே அந்தப் பெண் உடுத்திக் கழித்தவை, எல்லாமே மாம்பழ மஞ்சள். கருத்த உடம்புக்கு அந்த நிறம் எடுபடவில்லை என்று சொல்லவும் ஆளில்லை. உயிரோடு இருக்கிற சக்களத்தியானால் முடியைப் பிடித்து இழுக்கலாம். படச் சட்டத்துக்குள் பொட்டு வைத்துக்கொண்டு சிரிக்கிறவளை என்ன செய்ய?

அத்தனையையும் அவள் பொறுத்துக்கொண்டது சுகந்திக்காக. மாந்தம் வந்தபோது தோளில் போட்டு நடந்தவள், பேன் பார்த்தவள், வயசுக்கு வந்தபோது பச்சை முட்டையும் நல்லெண்ணெயும் ஊற்றியவள், ஒரகடத்துக் கம்பெனியில் வேலை கிடைத்தபோது ஹாஸ்டல் வரை பெட்டி தூக்கிப்போனவள் எல்லாம் அஞ்சலாட்சிதான். அந்தப் பெண் அவளைச் சின்னம்மா என்று கூப்பிடும். அம்மா என்ற வார்த்தை படத்துக்கு மட்டும். இருக்கட்டும், கல்யாணத்தன்று தாரை வார்க்கும்போது செம்பைப் பிடிக்கப்போவது யார் கை என்று ஊரே பார்க்குமல்லவா என்று அவள் காத்திருந்தாள். மாப்பிள்ளை கைமேல் பெண்ணின் கையை அப்பன் வைக்க, அதன்மேல் தாய்க்காரி தண்ணீர் வார்ப்பாள். அந்தத் தண்ணீர் விழுந்துவிட்டால் அவள்தான் தாய் என்று ஆகிவிடும், அப்புறம் யாரும் வாயைத் திறக்க முடியாது.

கல்யாணத்துக்கு முந்தைய பூசைக்குச் சுகந்தி வந்தாள். படத்துக்கு முன் விழுந்து கும்பிட்டு எழுந்து, கண்ணைத் துடைத்துக்கொண்டு, "எங்கம்மா ஆசீர்வாதம் இருந்தா எனக்கு அது போதும் அத்தை" என்று காசியம்மாவிடம் சொன்னாள். காசியம்மா ஏழுமலையின் அக்கா. சுகந்தி சொன்னது புகை மண்டிய அடுப்படியில் புளிச்சோற்றை வாழையிலையில் கட்டிக்கொண்டிருந்த அஞ்சலாட்சியின் காதில் விழுந்தது. போதுமாம். அவள் கட்டிய கட்டை அப்படியே எடுத்துக்கொண்டு கிணற்றடிக்குப் போகிறவள்போலக் கொல்லைப்பக்கம் போய், மாட்டுத் தொட்டியில் கவிழ்த்துவிட்டு வந்தாள். மாடு இலையோடு தின்றது. அதனால்தான் வந்தவள் போகவில்லை. இந்த விஷயம் அஞ்சலாட்சிக்கும் மாட்டுக்கும் மட்டுமே தெரியும்.

முதல் நாள் ஊர் கன்னத்தில் போட்டுக்கொண்டது, மறுநாள் குழந்தைகளைத் தூக்கிக்கொண்டு வந்தது, அதற்கு மறுநாளிலிருந்து பழகிவிட்டது. படத்தில் இப்போது ஸ்டுடியோ நாற்காலியும் பின்னால் தொங்கும் திரையும் மட்டுமே இருந்தன. அந்தக் காலி நாற்காலிக்கும் காசியம்மா விடாமல் பூ வைத்தாள். கிராம நிர்வாக அலுவலர் வந்து, செத்ததாக ஏற்கெனவே சான்றிதழ் கொடுத்தாயிற்று, குடும்ப அட்டையில் மறுபடி சேர்க்க வழியில்லை என்று வருத்தத்தோடு சொல்லிவிட்டு மோர் குடித்துவிட்டுப் போனார். கூட்டுரோட்டில் நிற்காத பேருந்துகளெல்லாம் நின்றன. ஜவுளிக்கடையில் மாம்பழ மஞ்சள் புடவை தீர்ந்துபோய் ஆரணியிலிருந்து மூட்டை வந்தது. தெருவிலுள்ள மாமியார்கள் மருமகள்களைக் கூட்டிவந்து, எப்படி உட்கார்ந்திருக்கிறாள் பார், தலை நிமிர்கிறாளா பார், பல் தெரிகிறதா பார் என்று காட்டினார்கள். புருஷன்மார்கள் வீட்டுக்குப் போய் அதையே சொன்னார்கள். தெருவில் எந்த வீட்டிலும் பெண்கள் நிம்மதியாகத் தும்மக்கூட முடியவில்லை.

மங்கவரம் செத்தபோது இருந்த வயதிலேயே இருந்தாள். பெண்ணைவிடத் தாய் இளையவள். சுகந்தி எதிரில் உட்கார்ந்து வெறுமனே பார்த்துக்கொண்டிருந்தாள், என்ன பேசுவது, எப்படிக் கூப்பிடுவது என்று தெரியாமல் தன் செல்போனைத் திருப்பித் திருப்பிக்கொண்டிருந்தாள். ஏழுமலையோ மீசைக்குச் சாயம் பூசிக்கொண்டான். கிரீஸ் கறை படிந்த பனியனோடு சோறு தின்கிற மனிதன், பட்டறையிலிருந்து வந்ததும் சோப்புப் போட்டுக் குளித்துச் சட்டை மாட்டிக்கொண்டு கூடத்துப் பக்கம் காரணமில்லாமல் நடமாடினான்.

"எந்த ஊட்டுப் பொண்ணு பாக்க வந்திருக்கிற நீ?" என்று அஞ்சலாட்சி கேட்டாள்.

"சாமி இருக்கிற எடம்டி, சுத்தமா இருக்க வேணாமா?"

"இத்தன வருசமா நான் இருந்தனே, அப்ப இது என்னா எடம்?"

அவன் மீசையைத் தடவினான். அவளுக்கு அந்த மீசையைப் பிடித்து ஆட்ட வேண்டும்போல இருந்தது.

படித்தவர்களும் வந்தார்கள். கூடத்தில் பாய் விரித்து உட்கார்ந்து பெண் என்றால் என்ன என்று பேசினார்கள். பூசாரி, ஆதியில் இருந்தது சக்திதான், சிவமே அவளில்லாவிட்டால் வெறும் பிணம், ஆனால் அவள் அடங்கி இடப்பக்கம் உட்கார்ந்த பிறகுதான் உலகத்துக்குச் சாந்தி வந்தது என்றார். ஓய்வுபெற்ற தமிழாசிரியர், அச்சம், மடம், நாணம், பயிர்ப்பு என்று நான்கு விரலை மடக்கி, இதோ நான்கும் ஓர் உருவாக உட்கார்ந்திருக்கின்றன என்று கண் கலங்கினார். நயினார் வீட்டுப் பெரியவர், எங்கள் சமணத்தில் பெண்ணுடம்போடு வீடுபேறு கிடையாது, நோன்பிருந்து ஆணாகப் பிறந்துதான் கரையேற வேண்டும், இந்தம்மா கரையேறாமல் கிணறேறி வந்ததே அதற்குச் சாட்சி என்றார். கூட்டுரோட்டுச் சபையின் போதகர், விலா எலும்பிலிருந்து எடுத்தது தலைக்கு மேலேயும் அல்ல, காலுக்குக் கீழேயும் அல்ல, பக்கத்திலே துணையாக நிற்கத்தான் என்றார். தவறிப்போய் அந்தப் பக்கம் வந்த ஒரு பண்டாரம், எல்லாம் மாயை, தோல் பை என்று சொல்லிவிட்டு அவளையே நெடுநேரம் பார்த்துக்கொண்டிருந்தான். மாதர் சங்கத் தலைவி, மனுஷன் குகையில் இருந்த காலத்தில் கூட்டத்துக்குத் தாய்தான் தலைவி, வேட்டைக்கும் அவள்தான் முன்னால் போனாள், நிலத்துக்கு வேலி போட்ட அன்றைக்குத்தான் அவளுக்கும் போட்டார்கள், இவள் குனிந்த தலை அந்தச் சரித்திரத்தைத்தான் சொல்கிறது என்றாள். ஒவ்வொருவரும் பேசி முடித்ததும் மங்கவரத்தைப் பார்த்து, அப்படித்தானே தாயே என்று கேட்டார்கள். அவள் குனிந்த தலை நிமிராமல் இருந்தாள். ஒவ்வொருவரும் அவள் ஒப்புக்கொண்டதாக எடுத்துக்கொண்டு திருப்தியோடு போனார்கள்.

அத்தனை பேருக்கும் டீ போட்டுக் கொடுத்தது அஞ்சலாட்சி. தட்டை நீட்டியபோது பேச்சை நிறுத்தாமல் டம்ளரை எடுத்தார்களே தவிர, எடுத்து வந்ததும் ஒரு பெண்தான் என்று ஒருவராவது நிமிர்ந்து பார்க்க வேண்டுமே. எச்சில் டம்ளர்களைக் கழுவும்போது அவளுக்கு நெஞ்செல்லாம் எரிந்தது. இவர்கள் இத்தனை பேர் சொல்கிற பெண் நான் இல்லையென்றால், இந்த வீட்டில் இத்தனை வருஷமாக இருந்தது யார் என்று கரி பிடித்த பாத்திரத்திடம் கேட்டாள்.

அன்று மாலைதான் காசியம்மா, ஊர்ப் பெரியவர்கள் நடுவில் வெற்றிலையை மடித்துக்கொண்டே, அஞ்சலாட்சி எந்த வார்த்தைக்குப் பயந்துகொண்டிருந்தாளோ அதைச் சொன்னாள். "பெத்தவளே நேர்ல வந்துட்டா. தெய்வமா வேற இருக்கறா. அவ கையாலயே தாரை வாத்துட்டா பொண்ணு நல்லா இருக்கும். என்னா தம்பி சொல்ற?"

ஏழுமலை, "அது சரிதானே" என்றான். அஞ்சலாட்சி சுகந்தியின் முகத்தைப் பார்த்தாள், அவள் தரையைப் பார்த்தாள்.

மறுநாள், கல்யாணத்துக்கு முந்தின நாள் மதியம், எல்லோரும் மண்டபத்து ஏற்பாட்டைப் பார்க்கப் போய்விட்டார்கள். வீட்டில் சக்களத்திகள் இரண்டு பேர் மட்டும். கூடத்தில் படையல் இலை எடுத்த இடத்தில் இரண்டு பருக்கை கிடந்தது. அஞ்சலாட்சி துடைப்பத்தோடு போய் நின்று, இத்தனை வருஷம் படத்திடம் கேட்காததை எல்லாம் கேட்டுவிடுவது என்று இடுப்பில் கையை வைத்தாள்.

"ஏய் பொண்ணு. எதுக்குடி வந்த? இன்னும் என்னா வேணும் உனுக்கு? பூ உனுக்கு, புடவை உனுக்கு, அம்மாங்கற பேரு உனுக்கு. பீத்துணி தொவச்சது மட்டும் நானா?"

மங்கவரம் தலையை நிமிர்த்தினாள். வந்ததிலிருந்து முதல் தடவையாக வாயைத் திறந்தாள். "அக்கா, பசிக்குது" என்றாள்.

மூத்தவள் இளையவளை அக்கா என்று கூப்பிட்டது அஞ்சலாட்சிக்குச் சுருக்கென்றது. "அதான் மூணு வேளையும் கொட்றாங்களே?"

"படைக்கிறாங்க. கற்பூரம் காட்டறாங்க. நான் கைய நீட்டறதுக்குள்ள எடுத்து அவங்களே துன்னுடறாங்க. வருசா வருசம் அப்படித்தான். நீ கெணத்துப் படியில வெக்கிற கட்டுச்சோறு ஒண்ணுதான்கா எனுக்கு வயித்துக்கு. இந்த வருசம் அது வரல. அதான் கேட்டுப் போலாம்னு வந்தேன்."

அஞ்சலாட்சி துடைப்பத்தைக் கீழே போட்டாள். "வந்த அன்னிக்கே கேக்கறதுக்கு என்னா, வாயில கொழுக்கட்டையா?"

"கேட்டுப் பழக்கமில்ல" என்றாள் மங்கவரம். "புள்ள பொறந்து காய்ச்சல் வந்தப்பகூட வலிக்குதுன்னு சொல்லல. நல்ல பொண்ணு சொல்ல மாட்டான்னு காசியம்மா அண்ணி சொன்னாங்க. சொல்லியிருந்தா டாக்டராண்ட இட்டுனு போயிருப்பாங்க. நான் பாட்டுக்குக் கம்முனு இருந்து சாமியாயிட்டேன்." பிறகு கொஞ்சம் தயங்கி, "நீ அவர என்னா திட்டு திட்டற! படத்துல இருந்துகினு கேட்டுனே இருப்பேன். நாக்குல அப்படி ஒரு சொரணை எனுக்கு இல்லியேன்னு இருக்கும். உனுக்கு நரை வந்த அன்னிக்கு எனுக்குப் பொறாமக்கா. எனுக்கு ஒரு முடிகூட நரைக்காது" என்றாள்.

தன் மேல் ஒருத்தி பொறாமைப்படுவாள், அதுவும் இவள், அதுவும் நரைமுடிக்காக என்பதை எங்கே வைத்துக்கொள்வது என்று தெரியாமல் அஞ்சலாட்சி நின்றாள். இதமாகத்தான் இருந்தது. ஆனாலும் அவள் கேட்க வந்ததைக் கேட்காமல் விடுகிறவள் இல்லை.

"தாரை வாக்க உனுக்கு ஆசையா இருக்குதா?"

"ஆசதான். எம் பொண்ணாச்சே" என்றாள் மங்கவரம்.

சரி, இவள் பொய் சொல்கிறவள் இல்லை என்று அஞ்சலாட்சி நினைத்தாள். இப்போதே ஒரு கட்டுச்சோற்றைக் கட்டிக் கையில் கொடுத்தால் இவள் பாட்டுக்குக் கிணற்றுக்குள் இறங்கிவிடுவாள், செம்பு தன் கைக்கு வந்துவிடும். அரிசியைக் களைந்து உலையில் போட்டாள். உலை கொதிக்கிற வரை யோசித்தாள். இவளை அனுப்பிவிட்டு நாளைக்குத் தாரை வார்த்தால் மண்டபத்தில் என்ன பேசுவார்கள்? மங்கவரம் மட்டும் இருந்திருந்தால் என்பார்கள். அவள் கை எப்படி இருந்திருக்கும், அவள் நிற்பது எப்படி இருந்திருக்கும் என்பார்கள். பேசாமல் சிரிக்கிற படத்தை இத்தனை வருஷத்தில் ஒரு நாளாவது ஜெயிக்க முடிந்ததா? வாய் திறக்கிறவளாக இருந்தால், சண்டை போடுகிறவளாக இருந்தால், அவளோடு மல்லுக்கு நிற்கலாம். அஞ்சலாட்சி அடுப்பை இன்னும் தூண்டிவிட்டு, தெய்வத்துக்கு ஆகாது என்று இத்தனை வருஷம் படையலில் சேர்க்காத நெத்திலிக் கருவாட்டை எடுத்து, கத்தரிக்காயும் மாங்காயும் போட்டுக் குழம்பு வைத்தாள். இரக்கத்தால் செய்யவில்லை. எதிராளிக்குத் தெம்பு ஏற்றுவதற்காகத்தான் செய்தாள், அதை அவள் யாரிடமும் மறைக்கமாட்டாள்.

மங்கவரம் தின்றாள். இலையை யாரும் எடுக்கவில்லை. குழம்பு முழங்கையில் வழிய வழிய, முள்ளைத் துப்பித் துப்பி, விக்கல் எடுத்தபோது தலையில் தட்டிக்கொண்டு, சட்டியை வழித்துத் தின்று முடித்து ஏப்பம் விட்டாள். "காரம் பத்தலக்கா" என்றாள்.

"என்னாடி சொன்ன?" என்றாள் அஞ்சலாட்சி. அவளுக்கு ஏனோ சந்தோஷமாக இருந்தது.

கல்யாணத்தன்று மண்டபத்தில் கால் வைக்க இடமில்லை. மங்கவரத்தை மேடையில் பூ அலங்கார நாற்காலியில் உட்காரவைத்திருந்தார்கள். அஞ்சலாட்சி மணவறைத் தூணோரம் நின்றாள். அவள் பீரோவைத் திறந்து, எந்தப் படத்துக்கும் சாத்தாத, தானே சீட்டுக் கட்டி வாங்கி ஒளித்து வைத்திருந்த கருநீலப் புடவையைக் கட்டியிருந்தாள். ஐயர், "பொண்ணோட அம்மா வாங்கோ" என்றார். காசியம்மா செம்பை எடுத்து மங்கவரத்தின் கையில் கொடுத்தாள். அவள் அதை இறுகப் பிடிப்பதற்கு முன் அஞ்சலாட்சி பாய்ந்துபோய் செம்பின் கழுத்தைப் பிடித்துவிட்டாள்.

"வுடு. வளத்தது நானு."

மண்டபம் அதிர்ந்தது. தெய்வம் தலைகுனிந்து விட்டுக்கொடுக்கும், அந்த விட்டுக்கொடுத்தலில் அஞ்சலாட்சி மண்ணாகப் போவாள் என்று எல்லோரும் கன்னத்தில் போட்டுக்கொள்ளத் தயாரானார்கள்.

தெய்வம் சேலையைத் தூக்கிச் செருகியது. "நீ வுடு! பெத்தது நானு! செத்ததும் நானு!"

"செத்துப்போயி சொகமா பூ வெச்சுகினு உக்காந்திருந்த! மாந்தத்துக்கு யாரு ராத்திரியெல்லாம் நடந்தது?"

"யாரு வேணாம்னா? நடக்கணும்னு எனுக்கு ஆச இல்லியா? காலு இருந்துச்சா எனுக்கு?"

"இத்தன வருசமா உன் பழம்புடவைய கட்னேன்டி நானு!"

"அந்த மஞ்சக் கலர் எனுக்கு என்னிக்குமே புடிக்காது! உங்க ஆளுக்குப் புடிக்கும்னு வாங்கிப் போட்டா நான் என்னா பண்றது?"

குழாயடியில் குடத்துக்கு நிற்கிறவர்கள்போல இரண்டு பேரும் செம்பை இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் இழுத்தார்கள். பூசாரி கண்ணை மூடிக்கொண்டார். தமிழாசிரியர் மடக்கிய விரல்களை ஒவ்வொன்றாக விடுவித்தார். மாதர் சங்கத் தலைவி எந்தப் பக்கம் கோஷம் போடுவது என்று தெரியாமல் எழுந்து நின்றாள். சாயம் பூசிய மீசையோடு ஏழுமலை, பெண்ணின் கையை மாப்பிள்ளை கைமேல் வைத்தபடி, விட்டுவிடலாமா கூடாதா என்று விழித்தான். பந்தியில் பரிமாறிக்கொண்டிருந்த தெருப் பெண்கள் வாளியும் கரண்டியுமாக ஓடிவந்து, அன்றுவரை வாயில் பல் தெரியாமல் திரிந்தவர்களெல்லாம் வாய்விட்டுச் சிரித்தார்கள்.

"அம்மா! சும்மா இருக்கமாட்டீங்களா?" என்று சுகந்தி கத்தினாள்.

இரண்டு பேரும் ஒரே நேரத்தில், "என்னா?" என்று திரும்பினார்கள். திரும்பிய வேகத்தில் செம்பு கவிழ்ந்தது. தண்ணீர் மொத்தமும் பெண் மாப்பிள்ளை கைமேல் விழுந்து, ஏழுமலையின் வேட்டியை நனைத்து, மணவறைப் பலகையில் ஓடியது. ஐயர் ஒரு கணம் யோசித்துவிட்டு, தாரை ஆயிற்று என்று கெட்டிமேளம் கொட்டச் சொன்னார்.

அத்தோடு ஊருக்குச் சாமி போயிற்று. வாயாடுகிற தெய்வத்தை வைத்துக்கொண்டு என்ன செய்வது என்று படித்தவர்கள் வரவை நிறுத்தினார்கள். மாம்பழ மஞ்சள் புடவைகள் ஜவுளிக்கடைக்கே திரும்பின. மறுவீட்டு விருந்து முடிந்த பிறகு, மங்கவரம் போக வேண்டும் என்றாள். அஞ்சலாட்சி கருவாட்டுக் குழம்பு ஊற்றிப் பிசைந்து, வழக்கத்தைவிடப் பெரிய கட்டாகக் கட்டினாள். இரண்டு பேரும் சாயங்கால வெயிலில் கிணற்றடிக்கு நடந்தார்கள்.

"அவ அம்மான்னு கூப்ட்டது என்னத்தான்" என்றாள் மங்கவரம்.

"போடி. என்னப் பாத்துதான் கூப்ட்டா."

"உன்னச் சின்னம்மான்னு இல்ல கூப்புடுவா?"

"உன்ன ஏதாச்சும் கூப்ட்டாளா அவ வாயால? ஒரு வாட்டி?"

பேசிக்கொண்டே கிணறு வந்துவிட்டது. மங்கவரம் கட்டை வாங்கிக்கொண்டு, முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு படியிறங்கினாள். வழக்கப்படி அஞ்சலாட்சி திரும்பிப் பார்க்காமல் வந்திருக்க வேண்டும். அவள் நின்று, தண்ணீர் மூடுகிற வரை பார்த்துவிட்டுத்தான் வந்தாள். வீட்டில் படச் சட்டத்துக்குள் மங்கவரம் திரும்ப வந்து உட்கார்ந்திருந்தாள், ஆனால் சிரிக்கவில்லை, முறைத்துக்கொண்டிருந்தாள்.

மறு வருஷப் பூசைக்கு அஞ்சலாட்சி ஒரு கத்தரிப்பூ நிறப் புடவை வாங்கினாள். தான் ஒரு நாள் முழுக்க உடுத்தி, சந்தைக்குப் போய்வந்து, துவைத்துக் காயவைத்து, பிறகுதான் படத்துக்குச் சாத்தினாள். காசியம்மா நெஞ்சில் அடித்துக்கொண்டாள். சுகந்தி பிள்ளையாண்டிருந்தாள், ஒரகடத்திலிருந்து போன் செய்து, எடுத்ததும் அம்மா என்றாள், பூசை நல்லா நடந்துச்சா என்று கேட்டாள். அஞ்சலாட்சி போனை வைத்துவிட்டுக் கட்டுச்சோற்றோடு கிணற்றடிக்கு ஓடினாள். அதைப் படியில் வைத்தாள். குனிந்து, இருட்டான தண்ணீரைப் பார்த்துத் தெருவுக்கே கேட்கும்படிக் கத்தினாள்.

"என்னத்தான்டி கூப்ட்டா! இப்ப போன்லயும் கூப்ட்டா!"

கிணற்றுக்குள்ளிருந்து வந்த பதில் ஒரு தெய்வம் வாயில் வரக்கூடிய பேச்சே அல்ல. அஞ்சலாட்சி முந்தானையை உதறிச் செருகிக்கொண்டு, திருப்பிக் கொடுப்பதற்குத் தோதாகப் படியில் உட்கார்ந்தாள்.